ஒரு மனுசிக்காகச் சட்டம் எழுத முடியாது

டெனீஸ் அழைத்தபோது நான் நியூ ஜெர்சியில், பிளெய்ன்ஸ்பரோ வீட்டில் மீன் பொரித்துக்கொண்டிருந்தேன். அபார்ட்மென்டில் மீன் பொரிப்பது லேசுப்பட்ட காரியமில்லை. பால்கனிக் கதவைத் திறக்க வேண்டும், புகை அலாரத்துக்குக் கீழே இவர் நின்று துவாயால் விசிற வேண்டும். அந்த அமளியில்தான் போன் அடித்தது.

டெனீஸ் முதலில் குட் ஆஃப்டர்நூன் சொன்னாள். பிறகு என் சுகம், இவருடைய சுகம், மகளின் சுகம். அதற்குப் பிறகுதான் விஷயம். அவள் இருக்கும் தீவில் அப்படித்தான். நானும் அங்கே நீண்ட காலம் வேலை செய்தவள் என்பதால் அடுப்பைக் குறைத்துவிட்டுப் பொறுமையாக இருந்தேன்.

அந்தத் தீவின் சட்டசபையில் மசோதா எழுதும் அலுவலகத்தில் நான் இருந்த நாற்காலியில் இப்போது அவள் இருக்கிறாள். பழைய சட்டங்களையெல்லாம் ஒழுங்குபடுத்தித் திரும்பத் தொகுக்கிறார்களாம். அதற்கு ஒரு மென்பொருள் வந்திருக்கிறதாம். அது ஒவ்வொரு பிரிவாக வாசித்து, இனி யாருக்கும் பயன்படாது என்று நினைப்பவற்றில் சிவப்பு அடையாளம் போடுகிறதாம். அப்படி அடையாளம் விழுந்த ஒன்று, சின்னத்தீவுச் சபைச் சட்டத்தில் சேமக்காலை, அதாவது கல்லறைத் தோட்டம், பற்றிய கடைசிப் பிரிவு. எழுதியது நான்.

"மிஸ் பில், இது ஆருக்காக எழுதினது? நீக்கலாமோ?" என்று கேட்டாள். என் பெயரைச் சுருக்கி அங்கே எல்லாரும் என்னை அப்படித்தான் கூப்பிடுவார்கள்.

நான் அதிகம் யோசிக்கவில்லை. அதன் வேலை முடிந்துவிட்டது, தாராளமாக நீக்குங்கள் என்று சொல்லிவிட்டேன். போனை வைத்தபோது மீன் ஒரு பக்கம் கருகியிருந்தது. இவர் என்னைப் பார்த்து, "ஏனப்பா முகம் அப்பிடிப் போச்சுது?" என்றார். ஒன்றுமில்லை என்றேன். ஆனால் அன்று முழுக்க மனம் சரியில்லை. அதைத்தான் இங்கே எழுதிப் பார்க்கிறேன்.

முதலில் என் வேலை என்னவென்று சொல்லவேண்டும். ஏனென்றால் இங்கே யாருக்கும் அது விளங்குவதில்லை. எங்கள் மாடியில் இருக்கும் கவிதா கோயம்புத்தூர்ப் பிள்ளை, மருந்துக் கம்பெனியில் வேலை. ஒருநாள் ஐசலினுக்கு மரக்கறி வாங்க என்னையும் காரில் கூட்டிக்கொண்டு போனாள். வழியில், "ஆன்ட்டி, நீங்க லாயர்னா கோர்ட்ல ஆர்க்யூ பண்ணுவீங்களா?" என்றாள். இல்லையம்மா, நான் சட்டம் எழுதுகிறவள் என்றேன். சட்டத்தை எம்.எல்.ஏ.க்கள்தானே எழுதுவார்கள் என்றாள். அவர்கள் கையைத் தூக்குவார்கள், எழுதுவது வேறு ஆட்கள் என்றேன். சிரித்தாள். எந்த ஸ்டேட் என்று கேட்டாள். ஸ்டேட் இல்லை என்றபோதுதான் அவளுக்குத் தலை சுற்றியது. அமெரிக்காவில் ஸ்டேட் இல்லாத இடமும் இருக்கிறதா என்றாள்.

இருக்கிறது. கரீபியன் கடலில் ஒரு தீவு. தீவின் பெயரை எழுதவில்லை, அங்கே இன்னும் வேலை செய்கிறவர்களுக்குச் சங்கடம் வரக்கூடாது. அங்கே அமெரிக்கக் கொடி பறக்கும், அமெரிக்கத் தபால்பெட்டி இருக்கும், பிறக்கும் பிள்ளை அமெரிக்கப் பிரஜை. ஆனால் அது மாநிலமல்ல, ஆள்புலம், ஆங்கிலத்தில் டெரிட்டரி. அதற்கு அரசியலமைப்புக் கிடையாது. வாஷிங்டனில் காங்கிரஸ் போட்ட ஒரு சட்டம்தான் அதற்கு எல்லாம். ஆர்கானிக் ஆக்ட் என்பார்கள். அது சொல்லும்: உங்களுக்கு ஓர் ஆளுநர் இருப்பார், அவரை நீங்களே தேர்ந்தெடுக்கலாம். உங்களுக்கு ஒரு சட்டசபை இருக்கும், பொருத்தமான எந்த விஷயத்திலும் அது சட்டம் செய்யலாம், எங்கள் சட்டத்தோடு முரண்படக்கூடாது. இன்னின்ன உரிமைகள் உங்களுக்கு உண்டு. நீதிமன்றம் இப்படி இருக்கும். எல்லாம் அதில் இருக்கிறது. ஓர் ஊர் மக்கள் தங்களைத் தாங்களே ஆள்வதற்கு இன்னொருவர் எழுதிக் கொடுத்த அனுமதி அது. எழுதிக் கொடுத்தவர் நாளைக்கு மாற்றியும் எழுதலாம். காங்கிரஸுக்கு அவர்கள் ஒரு பிரதிநிதியை அனுப்பலாம். அவர் பேசலாம், குழுக்களில் வாக்களிக்கலாம், சபையில் சட்டம் நிறைவேறும் கடைசி வாக்கெடுப்பில் அவருக்கு வாக்கு இல்லை. ஜனாதிபதித் தேர்தலில் மக்களுக்கும் வாக்கு இல்லை. நான் அங்கே இருந்த காலம் முழுக்க எனக்கும் இருக்கவில்லை. ஓய்வுபெற்று மகளுக்குக் கிட்ட இருக்கலாமென்று நியூ ஜெர்சிக்கு வந்த பிறகு, அதே பாஸ்போர்ட்டோடு போய் வாக்களித்தேன். வாக்குச்சாவடியில் எனக்குச் சந்தோஷத்தைவிட எரிச்சல்தான் அதிகம் வந்தது.

நான் யாழ்ப்பாணத்துத் தீவுப் பகுதியில் ஊர்காவற்றுறைப் பக்கத்தாள். கொழும்பில் சட்டம் படித்து, அங்கேயே சட்டவரைஞர் கந்தோரில், அதாவது அரசுக்குச் சட்டம் எழுதும் அலுவலகத்தில், சில வருடம் இருந்தேன். உள்ளூர்ச் சபைகளுக்கு அதிகாரம் கொடுக்கும் சட்டங்களையும் அந்தக் கந்தோரில் எழுதினோம், அந்த அதிகாரத்தைத் திருப்பி எடுக்கும் சட்டங்களையும் அங்கேதான் எழுதினோம். கொடுத்ததும் எடுத்ததும் ஒரே கை. பிறகு நாடு கலங்கியது, நாங்கள் வெளிக்கிட்டோம். இங்கே வந்து திரும்பவும் படித்து, திரும்பவும் பரீட்சை எழுதி, வேலைக்கு அலைந்தபோது அந்தத் தீவிலிருந்துதான் பதில் வந்தது. இவருக்கும் அங்கே கல்லூரியில் கணிதம் படிப்பிக்க இடம் கிடைத்தது. போனோம். அவ்வளவுதான் என் பயிற்சிக் காலம்.

என் மேலதிகாரி மிஸ் வெர்னா. தலைமைச் சட்ட ஆலோசகர், அந்தத் தீவிலேயே பிறந்தவர். உயரமான மனுசி, கஞ்சி போட்ட பருத்திச் சட்டை, குரல் உயர்ந்து நான் கேட்டதே இல்லை. முதல் கிழமை ஓர் அவசர மசோதாவோடு அவருடைய அறைக்குள் ஓடி, மூச்சுவிடாமல் விஷயத்தைச் சொன்னேன். அவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். ஒரு வார்த்தை பேசவில்லை. காது கேட்கவில்லையோ என்று திரும்பவும் சொன்னேன். அப்போதும் பேச்சில்லை. கடைசியில் வெளியிலிருந்த காரியதரிசிதான் என்னைக் கூப்பிட்டு, குட் மார்னிங் சொல்லாமல் உள்ளே போனால் பதில் வராது என்றாள். வெளியே வந்து, திரும்ப உள்ளே போய், குட் மார்னிங் சொன்னேன். "குட் மார்னிங், பில். இப்ப சொல்லும்" என்றார். எனக்கு வந்த கோபத்தை அன்று பல்லைக் கடித்துக்கொண்டு அடக்கினேன். பிறகு அதுவே எனக்கும் பழக்கமாகிவிட்டது. இப்போது ஐசலின் கடையில் காசாளர் பெண்ணிடம் காலை வணக்கம் சொல்லி, அவள் மிரண்டுபோய்ப் பார்ப்பதும் உண்டு.

அவர்கள் பேசும் ஆங்கிலம் தனி ஆங்கிலம். அதை எனக்கு என் ஊர்த் தமிழில்தான் எழுத வருகிறது. வாசிப்பவர்கள் பொறுத்துக்கொள்ள வேண்டும்.

மிஸ் வெர்னாவின் அறையில் இரண்டு விதிகள். மசோதாவில் முதல் சொல் எழுதுமுன், "எந்தக் கதவாலை வந்தது?" என்று கேட்பார். இந்த விஷயத்தில் சட்டம் செய்ய ஆர்கானிக் ஆக்டின் எந்த இடம் நமக்கு அனுமதி தருகிறது என்று அர்த்தம். அதைக் காட்டினால்தான் மிச்சம். இரண்டாவது விதி இன்னும் கொடுமை. மசோதாவை எழுதி முடித்தவரே, அதை நிராகரிக்கும் ஆளுநரின் கடிதத்தையும் எழுதவேண்டும். ஒப்புக்கு எழுதினால் திருப்பிக் கொடுத்துவிடுவார். நீ பெற்ற பிள்ளையை நீயே கொல்வதுபோல, நல்ல கூரான கடிதமாக இருக்கவேண்டும். அதை வாசித்தபிறகு மசோதாவைத் திருத்துவோம். வேறு எங்கும் இந்தப் பழக்கத்தை நான் கண்டதில்லை.

இனி சின்னத்தீவுக்கு வருகிறேன். எங்கள் பெரிய தீவிலிருந்து ஃபெரிப் படகில் போகும் தூரத்தில் ஒரு குட்டித்தீவு. அதுவும் அதே ஆள்புலத்தைச் சேர்ந்ததுதான். சில நூறு பேர், ஒரு தேவாலயம், ஒரு கடை, ஒரு மழைநீர்த் தொட்டி. சின்னத்தீவார் என்றாலே பெரிய தீவில் ஒரு நக்கல் இருக்கும். அவர்கள் நடக்கிற நடையைப் பார்த்தே ஃபெரியில் வந்தவர்கள் என்று சொல்லிச் சிரிப்பார்கள். யாழ்ப்பாணப் பட்டணத்தில் எங்களைத் தீவார் என்று சொல்லிச் சிரித்ததும் அப்படித்தான். அதனால் அந்த ஆட்கள் மேல் எனக்கு முதல் நாளிலிருந்தே ஒரு பட்சம்.

அந்த மழைநீர்த் தொட்டிக்குக் கிட்ட அவர்களுடைய சேமக்காலை இருந்தது. பெரிய தீவிலிருந்த சுகாதாரக் கந்தோர், தண்ணீர் பழுதாகுமென்று ஓர் உத்தரவு போட்டு அதை மூடிவிட்டது. இனிச் சாகிறவர்களைப் பெரிய தீவுக்குக் கொண்டுவந்து அடக்கம் செய்யவேண்டும் என்றது. போய்ப் பார்த்துப் போட்ட உத்தரவாகத் தெரியவில்லை. தொட்டி மேட்டில் இருக்கிறது, சேமக்காலை பள்ளத்தில் இருக்கிறது. தண்ணீர் மேலே ஏறிப் போகாது என்று சின்னத்தீவில் எல்லாருக்கும் தெரியும்.

மிஸ் அடினா அங்கே பள்ளிக்கூட ஆசிரியையாக இருந்து ஓய்வெடுத்தவர். அவருடைய கணவர் அந்தச் சேமக்காலையில்தான் இருக்கிறார், மூடுமுன் போனவர். அவருக்குப் பக்கத்தில் தன்னை வைக்கவேண்டும் என்பதுதான் அந்த மனுசிக்கு இருந்த ஒரே ஆசை. இருதய வருத்தக்காரி. ஃபெரியில் வந்து, படிகளில் மூச்சு வாங்கி ஏறி, சட்டசபை உறுப்பினர் ஒவ்வொருவரையும் பார்த்தார். ஆனால் கேட்டது சேமக்காலையை மட்டுமல்ல. சின்னத்தீவுக்கென்று தேர்ந்தெடுத்த ஒரு சபை வேண்டும், இறங்குதுறை, தண்ணீர்த் தொட்டி, சேமக்காலை மூன்றையும் அந்தச் சபை பார்த்துக்கொள்ளவேண்டும் என்றார். ஓர் உறுப்பினர் சம்மதித்து மசோதாவைக் கேட்டார். அது என் மேசைக்கு வந்தது.

எந்தக் கதவு என்ற கேள்விதான் முதலில் கழுத்தைப் பிடித்தது. பழைய காலத்தில் ஒவ்வொரு தீவுக்கும் ஒரு சபை இருந்தது. காங்கிரஸ்தான் அவற்றைக் கலைத்து எல்லாவற்றுக்கும் ஒரே சட்டசபையை வைத்தது. ஒரே அரசாங்கம் என்று காங்கிரஸ் சொல்லிவிட்ட இடத்தில் இன்னொன்றை நீங்கள் எப்படி உண்டாக்கலாம் என்று ஆளுநரின் சட்டத்தரணி கேட்டார். நியாயமான கேள்விதான். பொருத்தமான எந்த விஷயத்திலும் சட்டம் செய்யலாம் என்ற அந்த வரிக்குள்ளேயே நான் கிடந்து உழன்றேன். கடைசியில் மிஸ் வெர்னாவும் நானும் ஒரு வழி கண்டோம். இது இன்னொரு அரசாங்கமல்ல, சட்டசபை தன் வேலையில் ஒரு சிறு பங்கை அங்கிருக்கும் ஆட்களிடம் ஒப்படைக்கிறது, அவ்வளவுதான். கடலால் பிரிந்து மக்கள் வசிக்கும் எந்தத் தீவும் கேட்டால் சபை அமைக்கலாம் என்று பொதுவாக எழுதினோம். அப்படியொரு தீவுதான் அப்போது இருந்தது என்பது வேறு கதை.

நான் அதோடு விடவில்லை. சின்னத்தீவு மக்களின் சம்மதம் இல்லாமல் இந்தச் சபையைக் கலைக்க முடியாது என்று ஒரு பிரிவைச் சேர்த்தேன். கொழும்பில் பழகிய கை அப்படித்தான் எழுதும். கொடுத்ததைப் பறிப்பார்கள் என்ற பயம் எனக்கு எலும்புக்குள்ளேயே இருந்தது. மிஸ் வெர்னா அதை வாசித்துவிட்டுப் பேனாவை மூடினார்.

"பில், நாங்களே வாடகை வீட்டிலை இருக்கிறம். வீட்டுத் திறப்பு வாஷிங்டனிலை கிடக்குது. எங்களுக்கில்லாத பூட்டைச் சின்னத்தீவாருக்கு எப்பிடிக் குடுப்பீர்?"

எனக்கு அழுகை வந்துவிட்டது. அப்படியென்றால் இந்தச் சபைக்கு என்ன பாதுகாப்பு என்று கேட்டேன். நாளைக்கும் யாராவது வந்து இப்படிப் படியேறவேண்டும், அவ்வளவு பாதுகாப்புத்தான் இந்தத் தீவில் எங்கள் எல்லாருக்கும் இருக்கிறது என்றார். அந்தப் பிரிவை அவர் வெட்டவில்லை. என்னை வெட்டச் சொன்னார். வெட்டினேன். அன்று வீட்டுக்குப் போய் இவரோடு தேவையில்லாமல் சண்டை பிடித்தேன்.

மசோதா குழுவில் கிடந்தது. மாதங்கள் போயின. ஒருநாள் குழுத் தலைவர் மிஸ் வெர்னாவை அழைத்து ஒரு பேரம் சொன்னார். சபை என்ற பேச்சை விடுங்கள், சேமக்காலையைத் திரும்பத் திறக்க ஒரே வரியில் மசோதா கொடுங்கள், இந்தக் கிழமையே நிறைவேற்றித் தருகிறேன் என்றார். கேட்டதும் எனக்குத் தலையில் இருந்த பாரம் இறங்கியது. அதற்குள் மிஸ் அடினா படுக்கையாகியிருந்தார். போனில் சொல்லும் விஷயமல்ல, நேரில் போய்ச் சொல்லிவிட்டு வாரும் என்றார் மிஸ் வெர்னா.

ஃபெரியில் போனேன். மனுசி வாசல் பக்கம் கட்டிலைப் போட்டு, கடலைப் பார்த்துப் படுத்திருந்தார். குட் மார்னிங் சொல்லி, சுகம் விசாரித்து, விஷயத்தைச் சொன்னேன். அவர் சந்தோஷப்படுவார் என்று நினைத்தேன்.

"சேமக்காலையை மட்டும் தருவினமோ?"

"ஓம். இந்தக் கிழமையே."

"அப்ப செத்த ஆக்களுக்கு மட்டும் சுயாட்சி. உயிரோடை இருக்கிறவை துறைக்கும் தண்ணிக்கும் அங்கை வந்து கையேந்தோணும்."

நான் விடவில்லை. இதை இப்போது எடுத்துக்கொள்ளுங்கள், சபையைப் பிறகு பார்க்கலாம் என்றேன். சேமக்காலை கிடைத்தால் பிறகு ஒருவரும் படியேறமாட்டார்கள், எல்லாரையும் சேர்த்துப் பிடித்திருக்கும் கயிறு அதுதான் என்றார். நீங்கள் உங்கள் மனுசனுக்குப் பக்கத்தில் போகவேண்டாமா என்று கேட்டேன். கேட்டிருக்கக்கூடாதுதான், ஆனால் கேட்டுவிட்டேன்.

"என்னைக் காட்டி ஊரை விலை பேசாதையுங்கோ, பிள்ளை" என்றார்.

திரும்பி வரும்போது எனக்கு அவர்மேல் கோபம்தான் இருந்தது. பிடிவாதக்காரி, கையில் வந்ததைத் தட்டிவிடுகிறாள் என்று மனதுக்குள் திட்டினேன். அலுவலகத்தில் மிஸ் வெர்னாவிடம் சொன்னபோது அவர் உடனே குழுத் தலைவருக்கு போன் செய்து, நன்றி, சபை மசோதாவே இருக்கட்டும் என்று சொல்லிவிட்டார்.

மசோதா நிறைவேறுமுன் மிஸ் அடினா போய்விட்டார். உத்தரவு அப்படியே இருந்தபடியால் பெட்டியை ஃபெரியில் ஏற்றிப் பெரிய தீவுக்குக் கொண்டுவந்து அடக்கம் செய்தார்கள். நான் போயிருந்தேன். அந்தச் சேமக்காலை நல்ல துப்புரவான இடம், புல் வெட்டியிருந்தது, அருகில் நெடுஞ்சாலை. அவரைத் தெரியாத ஆட்களுக்கு நடுவில் வைத்தார்கள். சின்னத்தீவிலிருந்து வந்தவர்கள் கடைசி ஃபெரியைப் பிடிக்க அவசரமாகப் போனார்கள். இரண்டு கை மண்ணைப் போட்டுவிட்டு நேராக அலுவலகம் போனேன்.

அன்று எழுதியதுதான் அந்தக் கடைசிப் பிரிவு. சேமக்காலை மூடியிருந்த காலத்தில் இறந்து, வேறிடத்தில் அடக்கம் செய்யப்பட்ட சின்னத்தீவார் எவரையும், குடும்பம் கேட்டால், சபை திருப்பிக் கொண்டுவர அனுமதிக்கலாம். பிறகு விதிப்படி ஆளுநரின் கடிதத்தையும் நானே எழுதினேன். அதில் ஒரே ஒரு வாதம்தான் வைத்தேன்: இந்தப் பிரிவு காலமான ஒரு பெண்மணிக்காக எழுதப்பட்டது, ஆள்புலத்தின் சட்டசபை தனி ஒருவருக்கென்று சட்டம் செய்யக்கூடாது.

மிஸ் வெர்னா இரண்டையும் வாசித்தார்.

"ஒரு மனுசிக்காகச் சட்டம் எழுத ஏலாது, பில். ஆள் போனவுடனை செத்துப்போற சட்டம் சட்டமில்லை."

"எல்லாருக்கும் பொதுவாத்தானே எழுதியிருக்கிறன்."

"எழுத்து பொது. மனசிலை ஒராள்தான் நிக்கிறா. இந்தக் கடிதத்தை எழுதினவருக்கே அது தெரிஞ்சிருக்குது. வேறை ஆர் இருக்கினம் எண்டு காட்டும், வைக்கிறன்."

வேறு யாரென்று எனக்குத் தெரியாது. சட்டசபைப் படியேறி வந்தது மிஸ் அடினா ஒருவர்தான். மற்றவர்கள் யாரும் வாய் திறக்கவில்லை. சுகாதாரக் கந்தோரைக் கேட்டேன், அடக்கம் செய்யப்பட்டவர்களை எங்கிருந்து வந்தவர்கள் என்று பிரித்துப் பார்ப்பதில்லை என்றார்கள். அந்த வாரம் நவம்பர் பிறந்தது. மரித்தோர் தினத்தன்று எங்கள் பக்கத்தில் சேமக்காலையில் மெழுகுதிரி கொளுத்துவோம், அந்தத் தீவுகளிலும் அந்த வழக்கம் உண்டு. மிஸ் அடினாவுக்கு ஒருவரும் வரமாட்டார்களே என்று நான் ஒரு மெழுகுதிரி வாங்கி வைத்திருந்தேன். பின்னேரம் போகும் வழியில் இறங்குதுறையைத் தாண்டவேண்டும். அப்போதுதான் சின்னத்தீவு ஃபெரி வந்து நின்றது.

ஃபெரி நிறைய ஆட்கள். வயதானவர்கள், இடுப்பில் குழந்தையோடு பெண்கள், சட்டையைக் கழுத்துவரை பூட்டிய ஆண்கள். எல்லார் கையிலும் மெழுகுதிரி. காற்றில் அணையாமலிருக்கக் கண்ணாடிக் குவளையும் கொண்டுவந்திருந்தார்கள். அவர்கள் சத்தமில்லாமல் இறங்கி, வரிசையாக, நான் போக இருந்த அதே இடத்துக்கு நடந்தார்கள். எங்கள் ஊரில் போர்க்காலத்தில் வேறிடத்து மண்ணுக்குள் தாட்ட தங்கள் ஆட்களைத் தேடி சனம் இப்படித்தான் நடந்தது. ஒவ்வொரு கல்லறையாக அவர்கள் நின்ற இடங்களைப் பார்த்துக்கொண்டே போனேன். சேமக்காலை மூடிய பிறகு அங்கே வைத்த தாய், தகப்பன், ஒரு குழந்தைகூட. நீங்கள் ஏன் ஒருவரும் வந்து சொல்லவில்லை என்று ஒரு பெண்ணைக் கேட்டேன். மிஸ் அடினா எங்களுக்காகத்தானே படியேறிப் போனவ என்றாள்.

அடுத்த நாள் குட் மார்னிங் சொல்லிவிட்டு நான் கண்டதைச் சொன்னேன். மிஸ் வெர்னா மேசையைச் சுற்றி வந்து என் தோளில் கை வைத்தார். அவர் அப்படிச் செய்தது அந்த ஒருமுறைதான். பிரிவில் ஒரு சொல்லும் மாற்றவேண்டியிருக்கவில்லை. கடிதத்தைத்தான் கிழித்தோம்.

அந்தப் பின்னேரத்தை விசாரணையில் ஓர் உறுப்பினர் சொன்னபோது குழுவில் யாரும் எதிர்க்கவில்லை. சட்டசபையும் நிறைவேற்றியது. ஆளுநர் கையெழுத்தும் போடவில்லை, திருப்பியும் அனுப்பவில்லை. அப்படி இருந்தால் குறித்த நாட்கள் போனதும் அது தானாகச் சட்டமாகிவிடும், ஆர்கானிக் ஆக்டிலேயே அப்படி இருக்கிறது. சின்னத்தீவுச் சபை தேர்ந்தெடுக்கப்பட்டு முதல் கூட்டத்தில் சேமக்காலையைத் திறந்தது. மிஸ் அடினாவைக் கொண்டுபோன ஃபெரியில் நானும் மிஸ் வெர்னாவும் இருந்தோம். பிறகு ஒவ்வொரு குடும்பமாகத் தங்கள் ஆட்களைக் கொண்டுபோனார்கள். மிஸ் வெர்னா ஓய்வுபெற்றார், காலமானார். நானும் ஓய்வுபெற்று இங்கே வந்தேன். அதனால்தான் டெனீஸ் கேட்டபோது வேலை முடிந்துவிட்டது என்று சொன்னேன். எல்லாரும் வீடு போய்ச் சேர்ந்துவிட்டார்கள் என்று நம்பிக்கொண்டிருந்தேன்.

நவம்பர் முதல் வாரம் டெனீஸ் திரும்ப அழைத்தாள். குட் மார்னிங், சுகம், இவருடைய சுகம், மகளின் சுகம். பிறகு, அந்தப் பிரிவை நீக்கவில்லை என்றாள். ஏன் என்று கேட்டேன். அலுவலகத்தில் அந்த விதி இன்னும் இருக்கிறதாம். நீக்குவதற்கும் ஒரு மசோதா வேண்டுமல்லவா, அதை எழுதியவள் அதற்கு எதிரான கடிதத்தையும் எழுதவேண்டுமாம். இவளுக்கு அந்தக் கடிதத்தை எழுத வரவில்லையாம். எதிராகச் சொல்ல ஒரு வரிகூடக் கிடைக்காவிட்டால் பார்க்கவேண்டியதை இன்னும் பார்க்கவில்லை என்று மிஸ் வெர்னா சொல்லுவார் என்று யாரோ சொல்லிக் கேட்டிருக்கிறாள். அதனால் மரித்தோர் தினத்தன்று இறங்குதுறைக்குப் போய் நின்றிருக்கிறாள்.

ஃபெரியில் மெழுகுதிரியோடு இறங்கியது ஒரே ஒருவர்தானாம். மிஸ்டர் ஆல்வின். சேமக்காலை மூடியிருந்த காலத்தில் மனைவி இறந்து பெரிய தீவில் அடக்கம். எல்லாரும் தங்கள் ஆட்களைக் கொண்டுபோனபோது அவர் கொண்டுபோகவில்லை. ஏன் என்று டெனீஸ் கேட்டிருக்கிறாள்.

"'அவளை ஒருக்காத் தோண்டிக் குழப்பினாப் போதும். நான் செத்துப்போகேக்கை ரெண்டுபேரையும் ஒரே ஃபெரியிலை ஏத்துங்கோ. சட்டம் இருக்குதுதானே' எண்டார், மிஸ் பில்."

ஒரு சொல்லில் அந்த மனிதனுடைய ஃபெரியை நிறுத்தப் பார்த்தவள் நான். நல்லது பிள்ளை, இருக்கட்டும் என்று மட்டும் சொன்னேன். போனை வைத்தபிறகு இவர், "என்னவாம்?" என்று கேட்டார். நான் மிஸ்டர் ஆல்வினைப் பற்றிச் சொன்னேன். நீர் இந்த ஆளை நினைச்சோ அதை எழுதினீர் என்றார் இவர்.

இல்லை. அவர் ஒருவர் இருப்பதே எனக்குத் தெரியாது. நான் நினைத்தது மிஸ் அடினாவை. ஆனால் ஒரு மனுசிக்கு மட்டுமான பிரிவை எழுத மிஸ் வெர்னா விடவில்லை. அதனால் அது இன்றைக்கும் மிஸ்டர் ஆல்வினுக்குக் காத்துக்கொண்டிருக்கிறது.